படுக்கையிலும் ஓர் ஊழியம்

நோயுற்றுப் படுத்திருக்கையில், 'பிள்ளைகளுக்குச் சுமையானோமே! எதை விட்டுச்செல்லப் போகிறோம்?' என்று நாம் கலங்குகிறோம். தருமபுரி மாவட்டத்திலிருந்தும் நோயாளிகள் நாடிச் செல்லும் வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரியின் தொடக்கத்தை நினைத்துப் பார்ப்போம்.

அமெரிக்காவில் பயின்ற ஐடா ஸ்கடர், திண்டிவனத்தில் நோயுற்றிருந்த தம் தாயைப் பேணவே 1890இல் வந்தார், திரும்பிவிடவே எண்ணியிருந்தார். ஒரே இரவில் மூன்று பெண்கள், பெண் மருத்துவர் இல்லாமையால் மகப்பேற்றின்போது மாண்டது அவர் மனத்தை மாற்றியது. மருத்துவம் கற்றுத் திரும்பியவர், 1900இல் வேலூரில் ஒற்றைப் படுக்கையோடு பணியைத் தொடங்கினார்.

தாய் நோயுறாதிருந்தால் மகள் அன்று அங்கே இருந்திருக்கமாட்டார். ஆண்டவரே நோயை அனுப்பினார் என்று நாம் சொல்வதில்லை. நோய்ப்படுக்கையும் அவர் பயன்படுத்தும் இடமே என்று நம்புகிறோம். ஆகவே, பிறர் செய்யும் பணிவிடையைக் கூச்சமின்றி ஏற்போம். நம்மைப் பேணும் கரங்கள் கற்றுக்கொள்ளும் இரக்கமே நாம் விட்டுச்செல்லும் சொத்து.