களவுக் கருவியால் தமிழ் வளருமா?

அச்சகங்களிலும் மாணவர் அறைகளிலும் பூட்டுடைத்த மென்பொருளைத் தேடிப் பெறுவது இன்று ஒரு குற்றமாகவே எண்ணப்படுவதில்லை. கொழுத்த வணிகனிடம் எடுத்தால் என்ன குறைந்துவிடும் என்பர். விலை எட்டாதது என்பது மெய்யே. அடோபி நிறுவனம் தன் வரைகலை மென்பொருள்களின் புதிய பதிப்புகளை இனி வாடகைக்கே தருவதாக 2013-இல் அறிவித்தது. ஆயினும், விலைமிகுதி களவை அறமாக்கிவிடாது. கள்ளாமைக்குத் தனி அதிகாரமே வகுத்தார் வள்ளுவர்.

பூட்டை உடைத்துத் தருபவன் வள்ளலும் அல்லன். கணினியின் காவல் நிரலை முதலில் நிறுத்துக என்கின்றான். காவலனை உறங்கவைத்துவிட்டுக் கதவைத் திற என்பவனின் நோக்கம் விளங்கவில்லையா? 2009 சனவரியில் ஆப்பிளின் 'ஐவொர்க்' மென்பொருளின் களவுப் படிகளுக்குள் நச்சு நிரல் ஒளிந்து பரவிற்று. 'சுடாப்' என்னும் பிணைப்பண நச்சு நிரலும் பெரிதும் இவ்வழியே பரவியது. அது கோப்புகளை எல்லாம் பூட்டிவிட்டு, திறக்கப் பணம் கேட்கும். பல்லாண்டுகள் அச்சுக் கோத்த நூல்கள் ஒரே இரவில் பறிபோனால், மிச்சப்படுத்திய பணம் அதற்கு ஈடாகுமா?

சட்டமும் வாளாவிருக்கவில்லை. இந்தியப் பதிப்புரிமைச் சட்டத்தின் 63-பி பிரிவு, களவுப் படியைத் தெரிந்தே பயன்படுத்துவார்க்கு 7 நாள் முதல் 3 ஆண்டு வரை சிறையும், 50,000 முதல் 2 இலக்கம் உருபா வரை தண்டமும் விதிக்கின்றது. வணிக நோக்கம் இல்லாவிடத்து மட்டும் முறைமன்றம் சிறையை விலக்கலாம்.

இவற்றினும் பெரிய கேடு ஒன்றுண்டு. தமிழ் எழுத்துருவும் பிழைதிருத்தியும் ஆக்குவோர் சிலரே; அவர்தம் சந்தையும் சிறிது. பெருநிறுவனம் தாங்கும் இழப்பை இவர்கள் தாங்கார். களவுப் பழக்கம் ஆள் பார்த்து நிற்பதில்லை. அயலானிடம் தொடங்கி, தமிழுக்கு உழைப்பவனின் கூழிலும் கைவைக்கும்.

களவாடியவன் உரிமை பெற்றவனும் ஆகான். பூட்டுடைத்த பின்னும் அம் மென்பொருளின் மூலநிரல் அவன் கைக்கு வருவதில்லை. அதைத் திருத்தவோ தமிழாக்கவோ இயலாது. 1983-இல் இரிச்சர்டு சுடால்மன் தொடங்கிய கட்டற்ற மென்பொருள் இயக்கமோ, பயன்படுத்தவும் பிறர்க்கு வழங்கவும் திருத்தவும் முழு உரிமை தந்தது. எழுத்துப் பணிக்கு 'லிபிரே ஆபிசு', படம் திருத்தக் 'கிம்ப்', ஓவியம் வரைய 'இங்க்சுகேப்' என விலையின்றியே கிடைக்கின்றன. லிபிரே ஆபிசைத் தன்னார்வலர் தமிழிலேயே இயங்குமாறும் செய்துள்ளனர்.

பழகச் சில திங்கள் ஆகலாம்; ஆகட்டும். விலை கொடுக்க இயன்றவர் கொடுத்து வாங்குக! இயலாதவர் கட்டற்றதைக் கற்று, அதைத் தமிழில் வளர்க்கத் தோள்கொடுக்க! திருடிய ஏரால் உழுத நிலத்தில் மானம் விளையாது.