பாக்கி ஒண்ணு

கிராண்ட்மாஸ்டர் என்றதும் யாரோ மாலை மரியாதையோடு கூப்பிட்டுக் கொடுக்கிற பட்டம் என்று நினைத்துக்கொண்டிருப்பீர்கள். கிடையாது ஸார். அது ஒரு அப்ளிகேஷன். கூடவே மூன்று அத்தாட்சி இணைக்க வேண்டும்.

அந்த அத்தாட்சிக்கு 'நார்ம்' என்று பெயர். ஒரு போட்டியில், சாதாரணமாக 9 ரவுண்டு, 2600 ரேட்டிங்காரர் எப்படி ஆடுவாரோ அப்படி ஆடிக் காட்டினால் ஒரு நார்ம். இப்படி மூன்று சேர்க்க வேண்டும். அது போக, உங்கள் சொந்த ரேட்டிங் ஒரு தடவையாவது 2500-ஐத் தொட்டிருக்க வேண்டும். எதிரே உட்காருகிறவர்களில் குறைந்தது மூன்று பேர் ஏற்கெனவே கிராண்ட்மாஸ்டர்களாக இருக்க வேண்டும். பொதுவாக வெளிநாட்டு ஆட்டக்காரர்களும் கலந்திருக்க வேண்டும். ஆக, வண்ணார்பேட்டை பேராச்சியம்மன் கோவில் படித்துறையில் துண்டை விரித்து, வருகிறவர் போகிறவரையெல்லாம் தோற்கடித்து நார்ம் வாங்க முடியாது.

இதையெல்லாம் எதற்குச் சொல்கிறேன் என்றால், ஷ்யாம் நிகில் என்று ஒருவர் இருக்கிறார். 1992-ல் நாகர்கோவிலில் பிறந்தவர். இங்கிருந்து பஸ் ஏறினால் இரண்டு மணி நேரம். எட்டு வயதில் அப்பா, அம்மா காய் நகர்த்தக் கற்றுக்கொடுத்தார்கள். 2012-லேயே அவர் கையில் இரண்டு நார்ம். ரேட்டிங்கும் 2500-ஐத் தாண்டியாயிற்று. வயது இருபதை ஒட்டி. பாக்கி ஒண்ணே ஒண்ணு. அடுத்த போட்டியில் வந்துவிடும், அதிகம் போனால் அதற்கடுத்ததில் என்றுதான் யாரும் நினைப்போம்.

வந்தது. 2024 மே மாதம்!

நடுவில் பன்னிரண்டு வருஷம். நீலக்குறிஞ்சிகூட 2018-ல் ஒரு தடவை பூத்துவிட்டுப் போனது. அதே வருஷம் அக்டோபரில் நம் தாமிரபரணிக்கு மகா புஷ்கரம் வந்து, ஊர் கொள்ளாத கூட்டம் முங்கி எழுந்துவிட்டுப் போனது. அந்த மூன்றாவது நார்ம் மட்டும் வரவில்லை.

இன்னொரு கணக்கும் உண்டு, அதுதான் கொஞ்சம் வலிக்கும். 2012-ல் இவர் காத்திருக்க ஆரம்பித்தபோது சென்னையில் குகேஷ் என்ற பையனுக்கு ஆறு வயது. யானை எப்படிப் போகும், குதிரை எப்படித் தாவும் என்றே தெரியாது. 2013-ல் கற்றுக்கொண்டான். 2019 ஜனவரியில், பன்னிரண்டு வயதில், கிராண்ட்மாஸ்டர். 2024 டிசம்பரில் சிங்கப்பூரில் டிங் லிரெனை ஜெயித்து உலக சாம்பியன். நீங்கள் க்யூவில் நிற்கிறீர்கள். அப்புறம் பிறந்த பையன் வந்து, டிக்கெட் வாங்கி, படம் பார்த்து, வெளியே வந்து சீட்டியடித்துக்கொண்டு போகிறான். உங்கள் ஆபீஸிலும் ஒருத்தர் இப்படிப் போயிருப்பாரே? நேற்று நீங்கள் வேலை சொல்லிக்கொடுத்த ஆசாமிதான் இன்று லீவ் லெட்டரில் கையெழுத்துப் போடுகிறார்.

இந்தக் கதையை டீக்கடை அண்ணாச்சியிடம் சொன்னேன். கிளாஸைக் கழுவிக்கொண்டே, "பன்னெண்டு வருசமா? நம்மூர்ல ஒரு பாலம் கட்டுத நேரம்லா வே!" என்றார். பக்கத்தில் பேப்பர் படித்துக்கொண்டிருந்தவர் விடவில்லை. "அத்தன வருசம் கெடந்து அல்லாடுததுக்கு, சவத்த விட்டுட்டு வேற சோலியப் பாத்துருக்கலாம்லா?" என்றார்.

நியாயமான கேள்வி. நான் பி.காம். படித்தவன், கணக்கு எழுதித்தான் பார்ப்பேன்.

செலவுப் பக்கம்: வெளிநாட்டுப் போட்டி என்றால் டிக்கெட், விசா, தங்குமிடம், சாப்பாடு. குரோஷியாவில் ஸாக்ரெப் நகரத்துப் பையனுக்கு இந்தத் தொல்லை பாதிதான். அங்கே பஸ் ஏறி ஒரு தூக்கம் போடுவதற்குள் ஸ்லோவேனியா வந்துவிடும். இன்னொரு பக்கம் ஹங்கேரி. நாம் ஆலங்குளம், தென்காசி போய் வருகிற மாதிரி அவன் பக்கத்து நாட்டில் ஆடிவிட்டு வருவான். நாகர்கோவில்காரர் பஸ் ஏறித் தூங்கினால் மிஞ்சிப்போனால் மதுரை.

வரவுப் பக்கம்: இங்கேதான் விஷயம் இருக்கிறது. மெஷின் வாங்கினால் வருஷா வருஷம் தேய்மானம் எழுதுவோம். நார்முக்குத் தேய்மானம் கிடையாது! 2012-ல் வாங்கியது 2024-லும் செல்லும். 2500-ஐ ஒரு தடவை தொட்டால் போதும்; அப்புறம் ரேட்டிங் இறங்கினாலும் தொட்டது தொட்டதுதான். ஆக, ஷ்யாம் நிகில் ஒவ்வொரு வருஷமும் ஒன்றாம் வகுப்பிலிருந்து ஆரம்பிக்கவில்லை. மூன்றில் இரண்டு பங்கு வேலை முடிந்து பத்திரமாகப் பெட்டியில் இருந்தது. பாக்கி ஒண்ணுதான்.

அந்த ஒண்ணு எப்படி வந்தது தெரியுமா? துபாய் போலீஸ் மாஸ்டர்ஸ் போட்டி. ஒன்பது ஆட்டம். வெற்றி ஒன்று. மீதி எட்டும் டிரா!

சினிமாவாக இருந்தால் கடைசி ரீலில் ஒன்பது பேரையும் அடித்து வீழ்த்தியிருப்பார். நிஜத்தில் எட்டு பேருக்குக் கை கொடுத்துவிட்டு எழுந்து வந்தார். டிராவுக்கு அரைப் பாயிண்ட். எட்டு அரை நான்கு, வெற்றி ஒன்று, ஆக மொத்தம் ஒன்பதுக்கு ஐந்து. எதிராளிகள் பலசாலிகளாக இருந்தால் இந்த ஐந்தே போதும். அதில் இன்னொரு சங்கதி, ஒரு ஆட்டம்கூடத் தோற்கவில்லை. முப்பத்தொரு வயதில் இந்தியாவின் 85-வது கிராண்ட்மாஸ்டர்.

'பார்த்தாயா, பொறுத்தார் பூமியாள்வார்' என்று இங்கேயே சுபம் போட்டுவிடலாம். போட மாட்டேன். ஏனென்றால் மானுவல் ஆரோன் என்று ஒருத்தர் இருக்கிறார். 1960-ல் லீப்ஸிக் ஒலிம்பியாடில் முன்னாள் உலக சாம்பியன் மாக்ஸ் யூவைத் தோற்கடித்தவர். 1961-ல் இந்தியாவின் முதல் இன்டர்நேஷனல் மாஸ்டர். தேசிய சாம்பியன்ஷிப்பை ஒன்பது தடவை ஜெயித்தவர். அவருக்குக் கிராண்ட்மாஸ்டர் பட்டம் கடைசிவரை வரவில்லை. அந்தக் காலத்தில் இங்கிருந்து போய் ஆடப் போட்டிகளே அபூர்வம். நாட்டுக்கு முதல் கிராண்ட்மாஸ்டர் 1988-ல் ஆனந்த் மூலமாகத்தான் வந்தது. அந்த ஆனந்த் சின்னப் பையனாகப் போய் ஆடிப் பழகிய சென்னை டால் செஸ் கிளப்பை ஆரம்பித்தவர் யார் என்கிறீர்கள்? இதே ஆரோன்தான். சில பேருடைய பாக்கி அவர்கள் பெயரில் தீராது. அடுத்தவன் பெயரில் வரவு வைக்கப்படும்.

அதனால், பாக்கி ஒண்ணு வைத்திருக்கிறவர்களுக்குப் பொத்தாம்பொதுவாக 'விடாதே' என்று சொல்ல எனக்குத் தைரியமில்லை. சி.ஏ. ஃபைனலில் ஒரு குரூப், டிபார்ட்மெண்டல் எக்ஸாமில் ஒரு பேப்பர், டிகிரியில் ஒரு அரியர் என்று ஆளுக்கொன்று இருக்கும். இரண்டே கேள்வி கேட்டுக்கொள்ளுங்கள். ஒன்று: இதுவரை சம்பாதித்தது செல்லுமா, காலாவதியாகிவிடுமா? சர்க்கார் பரீட்சைகளுக்கு வயசு வரம்பு உண்டு ஸார், செஸ்ஸுக்குக் கிடையாது. நோட்டிஃபிகேஷனின் பின் பக்கத்தையும் படியுங்கள். இரண்டு: காத்திருக்கிற காலத்தில் ஆட்டத்தை ஆடிக்கொண்டிருக்கிறோமா, இல்லை 'ரெண்டு நார்ம் வாங்கினவனாக்கும்' என்று கல்யாண வீடுகளில் சொல்லிக்கொண்டு மட்டும் இருக்கிறோமா?

இரண்டுக்கும் பதில் சரியாக இருந்தால் இந்த வருஷமும் ஃபீஸைக் கட்டிவிடுங்கள். எல்லாவற்றையும் ஜெயிக்கணும் என்று கட்டாயம் இல்லை. எட்டு டிரா போட்டாலும் பரவாயில்லை. அந்த ஒண்ணை மட்டும் பார்த்து ஜெயித்துவிடுங்கள்.