பெண்கள் கற்கை: பாடத்திட்டத்துக்கு வெளியே நிற்கும் அறிவு

2017 பெப்ரவரியில் கிளிநொச்சியில் காணாமலாக்கப்பட்டோரின் உறவுகள் தொடர் போராட்டத்தைத் தொடங்கினர். அந்தத் தாய்மாரைப் பற்றி நான் எழுதிய முதல் செய்தியில் கண்ணீர் மட்டுமே இருந்தது. குடும்பத்தைத் தனியே சுமந்தபடி அரசியல் கோரிக்கையும் முன்வைக்கும் பெண்களாக அவர்களைப் பார்க்க, ஊடகக் கற்கையில் நான் பெற்ற பட்டம் எனக்குக் கற்றுத்தரவில்லை.

அந்தப் பார்வை தமிழில் ஏற்கெனவே இருந்தது. 1986இல், போருக்கு நடுவே, யாழ்ப்பாணத்தில் பெண்கள் ஆய்வு வட்டம் ‘சொல்லாத சேதிகள்’ தொகுப்பை வெளியிட்டது. மூன்றாம் உலகின் பெண்ணிலைவாதம் பற்றிய குமாரி ஜயவர்தனவின் ஆங்கில நூலும் அதே ஆண்டில்தான் வந்தது. பின்னர் செல்வி திருச்சந்திரன் ‘நிவேதினி’ இதழ் வழியாகத் தமிழிலேயே ஆய்வுக் கட்டுரைகளைக் கொண்டுவந்தார். இவற்றில் ஒன்றையேனும் எங்கள் விரிவுரை மண்டபத்தில் யாரும் அறிமுகப்படுத்தவில்லை. செய்தியாளரான பின்பே தேடிப் படித்தேன்.

இன்று பல்கலைக்கழகங்களில் பால்நிலைச் சமத்துவ அலகுகள் இயங்குகின்றன. முறைப்பாடுகளைக் கையாள அவை அவசியம். ஆனால் முறைப்பாட்டுப் பிரிவு ஒரு கல்வித்துறைக்கு ஈடாகாது. கலைப்பீட மாணவர்கள் முதலாம் ஆண்டிலேயே இந்த எழுத்துகளைத் தமிழில் படிக்க வழி செய்யப்பட வேண்டும். இல்லையேல் அடுத்த செய்தியாளரும் அந்தத் தாய்மாரைக் கண்ணீராகவே எழுதுவார்.