சிரிப்புக்காக நெருங்கி வந்த கேமரா

மௌனப்பட நகைச்சுவை என்றால் நமக்குச் சாப்ளின்தான். அவருடைய முதல் படம் 1914-இல் அமெரிக்காவில் வெளிவந்தது. அதற்குப் பத்தாண்டுகளுக்கும் முன்பே, இங்கிலாந்தின் தென்கடற்கரையில் பிரைட்டனை ஒட்டிய ஹோவ் என்ற ஊரில், சில நிமிடங்களே ஓடும் சிரிப்புப் படங்கள் தயாராகிக்கொண்டிருந்தன. அவற்றை வெறும் தடுக்கி விழும் கூத்து என்று பலரும் ஒதுக்கிவிடுகிறார்கள். அது சரியல்ல. சினிமா தன் மொழியைக் கற்றுக்கொண்ட இடங்களில் ஹோவும் ஒன்று.

ஜார்ஜ் ஆல்பர்ட் ஸ்மித் 1903-இல் எடுத்த 'மேரி ஜேனின் விபத்து' படத்தைப் பாருங்கள். வேலைக்காரப் பெண் பூட்ஸுக்குக் கறுப்பு மை தேய்க்கிறாள். மை அவள் மேலுதட்டில் மீசைபோல ஒட்டிக்கொள்கிறது. முழுச் சமையலறையும் தெரியும் தூரத்திலிருந்து பார்த்தால் இந்த மீசை தெரியாது. மீசை தெரியாவிட்டால் சிரிப்பு ஏது? ஆகவே கேமரா அவளை நெருங்குகிறது, பிறகு மீண்டும் விலகுகிறது. குளோசப் இங்கே அழகுக்காக வரவில்லை, நகைச்சுவை கேட்டு வாங்கியது. அடுப்பில் மண்ணெண்ணெய் ஊற்றி அவள் புகைபோக்கி வழியே வெடித்துப் பறப்பதும், ஆவியாக வந்து அந்த மண்ணெண்ணெய் டப்பாவைத் தேடுவதும் தந்திரக் காட்சிகள்தாம். ஆனால் பாதி வேலையை நடிகையின் முகம் செய்துவிடுகிறது. மேரி ஜேனாக நடித்த லாரா பேலி, ஸ்மித்தின் மனைவி. மேடை நகைச்சுவையில் பழகியவர். மேடையில் கடைசி வரிசைக்கும் எட்டும்படி உடம்பை ஆட்ட வேண்டும். இங்கே அவருக்கு ஒரு கண்ணடிப்பே போதுமாக இருக்கிறது.

அதே ஊரில் மருந்துக்கடை நடத்திய ஜேம்ஸ் வில்லியம்சன், 1901-இல் 'பெரிய விழுங்கல்' எடுத்தார். தன்னைப் படம் எடுக்காதே என்று கோபித்துக்கொண்டு ஒருவர் கேமராவை நோக்கி நடந்து வருகிறார். வாய் திறக்கிறது, திரை முழுதும் இருட்டு. அந்த இருட்டுக்குள் கேமராவும் கேமராக்காரரும் விழுகிறார்கள். பின்பு அவர் மென்றுகொண்டே பின்வாங்குகிறார். கேமராவை விழுங்கிய பின்னும் படம் ஓடுகிறதே, எடுப்பது யார்? அந்தக் கேள்விதான் இதன் நகைச்சுவை.

மௌனப்பட நடிகர்கள் வெடுக்வெடுக்கென்று ஓடியதாக நாம் நினைப்பதற்கும் காரணம் உண்டு. கையால் சுழற்றி, நொடிக்கு ஏறத்தாழ 16 படச்சட்டங்கள் என்று எடுத்ததைப் பிற்காலத்தில் 24 வேகத்தில் ஓட்டினார்கள். உரிய வேகத்தில் பார்த்தால், கண்ணடிப்பதற்கு முன் லாரா பேலி எவ்வளவு நிதானிக்கிறார் என்பது தெரியும்.