டி-18 நோட்டீஸ் வந்தவுடன் பணம் கட்ட ஓடவேண்டாம்

இஎஸ்ஐ சந்தா தாமதமாகி, டி-18 என்ற அபராத நோட்டீஸ் வந்தால் சிறு முதலாளிக்குப் பெரும்பாலும் கிடைக்கும் அறிவுரை இதுதான்: “கேட்டதைக் கட்டிவிடுங்கள், வேறு வழி கிடையாது.” திருப்பூர், கோவைப் பட்டறைக்காரர்கள் பலர் இதை அப்படியே நம்புகிறார்கள். இந்த அறிவுரையில் ஒரு பகுதி மட்டுமே சரி. 1948ஆம் ஆண்டு ஊழியர் அரசுக் காப்பீட்டுச் சட்டத்தின் கீழ் நேர்ந்த தாமதங்களை வைத்தே இதைப் பேசுகிறேன்.

தாமதமானால் அபராதம் தானாக விழுந்துவிடும் என்பது முதல் வாதம். அப்படி இல்லை. பிரிவு 85-பி, அபராதம் வசூலிக்கும் அதிகாரத்தை இஎஸ்ஐ கழகத்துக்குத் தருகிறது. வசூலித்தே தீரவேண்டும் என்று சொல்லவில்லை. முதலாளி தரப்பைக் கேட்காமல் உத்தரவு போடவும் அது இடம் தரவில்லை. டி-18 நோட்டீஸ் வருவதே அந்த விளக்கத்தைக் கேட்கத்தான். சட்டத்தில் அபராதத்துக்கு வழி இருக்கிறது என்பதாலேயே எல்லா நேர்விலும் அதை விதித்தாக வேண்டியதில்லை என்று 2008இல் எச்எம்டி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

விகிதம் அட்டவணையில் இருக்கிறதே, அதை எப்படிக் குறைக்க முடியும் என்பார்கள். ஒழுங்குமுறை 31-சி பல ஆண்டுகள் வைத்திருந்த அட்டவணை ஆண்டுக்கு 5 சதவீதத்தில் தொடங்கி, தாமதம் ஆறு மாதத்தைத் தொட்டால் 25 சதவீதம் வரை ஏறும். ஒரு லட்சம் ரூபாய் எட்டு மாதம் தாமதமானால் சுமார் 16,667 ரூபாய். ஆனால் இவை உச்சவரம்புகள். தாமதத்துக்கு நியாயமான காரணம் இருந்தால் அதிகாரி அதைக் கணக்கில் எடுக்கலாம் என்பது 1994இன் பிரெஸ்டோலைட் தீர்ப்பிலேயே இருக்கிறது. இந்தத் தீர்ப்பைக் காட்டாமலே எத்தனையோ பேர் முழுத் தொகையையும் கட்டிவிடுகிறார்கள் என்பதுதான் எனக்கு ஆற்றாமை.

வட்டி விஷயத்தில் மட்டும் அறிவுரை சரி. பிரிவு 39(5)இன்படி 12 சதவீதத் தனிவட்டி சட்டப்படியே சேருவது. அதைத் தள்ளுபடி செய்ய அதிகாரமில்லை என்று கோயட்ஸே வழக்கில் முடிவாகிவிட்டது. அதில் போராடிக் காலத்தை வீணாக்க வேண்டாம்.

நீதிமன்றம் போனால் முழுப் பணத்தையும் முன்கூட்டியே கட்டவேண்டும் என்பதும் பொய். பிரிவு 75இன் கீழ் இஎஸ்ஐ நீதிமன்றத்தை அணுகலாம். சென்னையில் முதன்மைத் தொழிலாளர் நீதிமன்றமே அந்தப் பொறுப்பையும் பார்க்கிறது. கழகம் கேட்பதில் பாதியைச் செலுத்தவேண்டும். அதையும் குறைக்கவோ விலக்கவோ, காரணத்தை எழுதிவைத்து, நீதிமன்றத்தால் முடியும். மூன்று ஆண்டு அவகாசம் இருந்தாலும் காத்திருக்காதீர்கள். அதற்குள் வசூல் அதிகாரி வங்கிக் கணக்கில் கைவைத்துவிடலாம். இன்னொரு குழப்பம்: 25 சதவீதம் கட்டி 60 நாளுக்குள் செய்யும் 45-ஏஏ மேல்முறையீடு, சந்தாத் தொகையை நிர்ணயித்த உத்தரவுக்கு உரியது. அபராத உத்தரவுக்கு அந்தக் கதவைத் தட்டிப் பயனில்லை.

எதிர்த்திசையிலும் ஒரு தவறான நம்பிக்கை இருக்கிறது. “கெட்ட எண்ணம் இல்லை என்று சொன்னால் போதும், அபராதம் ரத்தாகிவிடும்” என்கிறார்கள். வருங்கால வைப்புநிதி அபராதத்துக்கு அந்த எண்ணத்தை நிரூபிக்கத் தேவையில்லை என்று 2022இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. கழகத் தரப்பு அதை இங்கும் எடுத்து வைக்கும். ஆகவே வெறும் நல்லெண்ணத்தை நம்பாமல் காரணத்தைத் தாளில் காட்டுங்கள்: வெள்ளத்தில் மூழ்கிய பட்டறையின் காப்பீட்டு ஆய்வு அறிக்கை, முடங்கிய வங்கிக் கணக்கின் கடிதம், வரவேண்டிய பணம் வராததற்கான பில்கள், எல்லாம் தேதியோடு. பிரிவு 82இன்படி உயர் நீதிமன்றம் முக்கியமான சட்டப் பிரச்சினையை மட்டுமே கேட்கும். முதல் விளக்கத்திலும் இஎஸ்ஐ நீதிமன்றத்திலும் வைக்காத ஆதாரத்தை அங்கே போய் வைக்க முடியாது.

இவ்வளவும் பணமுடையில் சிக்கிய முதலாளிக்கு. தொழிலாளியின் கூலியில் 0.75 சதவீதத்தைப் பிடித்துக்கொண்டு கழகத்துக்கு அனுப்பாதவருக்காக நான் வாதாட மாட்டேன். அந்தப் பணம் தொழிலாளி நம்பி ஒப்படைத்தது என்றே பிரிவு 40 கருதுகிறது. அதைக் கட்டாமல் விட்டால் பொதுவாகக் குறைந்தது ஓராண்டுச் சிறை என்று பிரிவு 85 சொல்கிறது. எனவே டி-18க்கு விளக்கம் எழுத உட்காரும்போது, அந்த மாதங்களில் பிடித்த பணம் எந்தத் தேதியில் கழகத்துக்குப் போனது என்பதை, அதிகாரி கேட்பதற்கு முன்பே, முதல் பத்தியில் எழுதிவிடுங்கள்.