டயர் உருள்கிறது, தொழிலாளி நிற்கிறான்!

சயாம் என்றதும் நம் தோட்டக் குடும்பங்களுக்கு ஒரு ரயில் பாதைதான் நினைவுக்கு வரும். 1942-க்குப் பின் ஜப்பானியர் நம்மவரைத் தோட்டங்களிலிருந்து ஆயிரக்கணக்கில் கொண்டுபோய்ப் பலியிட்ட பாதை அது. அதே சயாம் இன்று தாய்லாந்து என்னும் பெயரில் நமக்கு வேறொரு பாடமாக ஓதப்படுகிறது. "அங்கே டயர் கம்பெனிகள் வளர்ந்த வேகத்தைப் பாருங்கள். நாமும் அப்படி வளர வேண்டும். அதற்குத் தொழிலாளி வாயை மூடிக்கொண்டு உழைக்க வேண்டும்!" என்கிறார்கள்.

பார்ப்போம். நன்றாகவே பார்ப்போம்.

தாய்லாந்து வளர்ந்தது உண்மை. உலகில் மிகுதியாக ரப்பர் விளைவிக்கும் நாடு என்ற பெயர் ஒரு காலத்தில் நமக்கு இருந்தது. 1990-களின் தொடக்கத்தில் அப்பெயர் தாய்லாந்துக்குப் போயிற்று. அந்நாடு ரப்பரைக் கட்டுக் கட்டாகக் கப்பலேற்றியதோடு நிற்கவில்லை. 1977-ல் தொடங்கிய டீஸ்டோன் போன்ற உள்நாட்டுக் கம்பெனிகள் டயர் செய்து வெளிநாடுகளுக்கு விற்றன. சீன டயருக்கு அமெரிக்கா 2009-லும் 2015-லும் கூடுதல் வரி போட்டது. உடனே சீனக் கம்பெனிகள் ரயோங் வட்டாரத்தில் ஆலை கட்டின. மூலப்பொருள் காலடியில், அமெரிக்கச் சந்தைக்கு வேறு வாசல்! 2021-ல் தாய்லாந்து டயருக்கும் அமெரிக்கா வரி போட்டது வேறு கதை.

நம் நாட்டிலோ டன்லப்புக்கு ரப்பர் தோட்டமும் இருந்தது, டயர் ஆலையும் இருந்தது. மரத்தில் வடிந்த பால் சக்கரமாய் உருளும் வரை இலாபம் ஒரே பையில் விழுந்தது. பால் வெட்டியவனுக்கு மிஞ்சியது லயத்துக் காம்பரா. ஷா ஆலாமில் 1972-ல் தொடங்கிய குட்இயர் ஆலை 2024-ல் மூடப்பட்டது. ஏறத்தாழ 550 பேர் வேலை இழந்தார்கள். வளர்ந்தபோது "நம் கம்பெனி" என்பார்கள். மூடும்போது அது யார் கம்பெனி என்பது தெரிந்துவிடும்.

தாய்லாந்தில் பால் வெட்டுபவன் கதி என்ன? 2011-ல் உச்சிக்கு ஏறிய ரப்பர் விலை பிறகு சரிந்தது. 2013-ல் தென் தாய்லாந்தின் நக்கோன் சீ தம்மராட்டில் ரப்பர் விவசாயிகள் நெடுஞ்சாலையையும் ரயில் பாதையையும் மறித்து உட்கார்ந்தார்கள். டயர் ஆலைகள் பெருகிய அதே காலத்தில்தான் இது நடந்தது! ரப்பர் விலை விழுந்தால் ஆலைக்காரனுக்கு மூலப்பொருள் மலிவு. மரத்தடியில் நிற்பவனுக்கு அரை வயிறு. அவர்கள் சாலைக்கு வந்த பிறகே அரசாங்கம் உதவித்தொகை தர முன்வந்தது. கம்பெனியின் வளர்ச்சி அவர்கள் வீட்டுக் கதவைத் தானாகத் தட்டவில்லை. அவர்கள்தாம் போய்த் தட்டினார்கள்.

கேமரன் மலைத் தோழர்கள் கேட்கலாம்: "டயருக்கும் எங்கள் தேயிலைக்கும் என்ன உறவு?" உறவு உண்டு. ரப்பர்த் தோட்டத்தில் கூலி உயர்வு கேட்டபோதெல்லாம் நமக்குக் கிடைத்த பதில் யாது? "விலை எங்கள் கையில் இல்லை; இலண்டனில் இருக்கிறது, சிங்கப்பூரில் இருக்கிறது. டயர் செய்பவன் வேறு, தோட்டக்காரன் வேறு" என்பதே.

தேயிலையில் அந்தச் சாக்குக்கு இடமே இல்லை. கொழுந்து காலையில் பறிக்கப்பட்டால் காத்திருக்காது. வாட்டி, உருட்டி, புளிக்க வைத்து, உலர்த்தியாக வேண்டும். அதற்கான ஆலை தோட்டத்துக்குள்ளேயே நிற்கிறது. பிறகு பெயர் பொறித்த பெட்டியில் அடைத்துக் கடைக்குப் போகிறது. தேயிலைதான் நம் மலையின் டயர்! மூலப்பொருளும் இங்கே, முடிந்த சரக்கும் இங்கே, வாங்கிக் குடிப்பவரில் பெரும்பாலோரும் இந்நாட்டிலேயே!

1929-ல் ரஸ்ஸல் துரை தொடங்கிய போ கம்பெனி இன்று நாட்டின் மிகப் பெரிய தேயிலை உற்பத்தியாளர். போ, சுங்கை பாலாஸ், ஃபேர்லி என்று மலை மலையாய்ப் பரந்திருக்கிறது. பச்சைச் சரிவைப் படமெடுக்கச் சுற்றுலாக்காரர் தாப்பா சாலை வளைவுகளில் வரிசை கட்டி ஏறுகிறார்கள். துரையின் பெயர் வரலாற்றில் இருக்கிறது. காட்டை வெட்டிச் செடி நட்ட தமிழன் பெயர் எந்தப் பெட்டியில் அச்சாகியிருக்கிறது? ஒரு கம்பெனியைத் தூற்ற இதை எழுதவில்லை. வளர்ச்சி என்று எழுதப்படும் எல்லாக் கணக்கிலும் விடுபட்டுப்போகும் அந்த ஒரு வரியைக் கேட்கிறோம்.

இன்று சரிவுகளில் இயந்திரம் கொழுந்து வெட்டுகிறது. வங்காளதேசத்தானும் நேப்பாளியும் இந்தோனேசியனும் அதைப் பிடித்து நடக்கிறார்கள். இயந்திரம் நம் பகைவன் அல்ல. அது மிச்சப்படுத்தும் பணம் ஒரே பக்கம் போவதுதான் பகை. வெளிநாட்டுத் தொழிலாளியும் நம் பகைவன் அல்லன். நம் பாட்டன் கப்பலில் வந்த கதைதான் அவன் விமானத்தில் வந்த கதை. அவனை ஒதுக்கினால் அவனைக் காட்டியே நம் கூலியைக் குறைப்பார்கள்.

நமக்குக் கிடைத்தவை எவையும் தானமாக வந்தவை அல்ல. 1954-ல் சிதறிக் கிடந்த சங்கங்கள் தேசியத் தோட்டத் தொழிலாளர் சங்கமாக ஒன்றுகூடிய பிறகே முதலாளிமார் நம்மை மேசைக்கு எதிரே உட்கார வைத்தார்கள். 2013-ல் தீபகற்பத்தில் 900 ரிங்கிட்டாகத் தொடங்கிய குறைந்தபட்சச் சம்பளம் 2025-ல் 1,700 ஆனது. அது தரை, கூரை அன்று. கம்பெனி வளரும்போது தொழிலாளி தரையிலேயே படுத்துக் கிடப்பதற்குப் பெயர் வளர்ச்சியா?

அதைவிடக் கொடியது வீட்டுப் பிரச்சினை. தோட்ட வீடு வேலையோடு ஒட்டியது. மூன்று தலைமுறை உழைத்த குடும்பம், கடைசி ஆள் ஓய்வு பெற்றதும் சட்டி பானையைத் தூக்கிக்கொண்டு எங்கே போகும்? மலையில் நிலத்தின் விலை ஏற ஏற அந்தக் கேள்வியும் கூர்மையாகிறது.

ஆகவே தோழர்களே, தாய்லாந்தைக் காட்டுவோரிடம் நாம் கேட்க வேண்டியவை மூன்று. சரக்கின் விலை உயர்ந்தால் சம்பளம் எவ்வளவு உயரும் என்பதை ஒப்பந்தத்தில் எழுதுங்கள். இயந்திரத்தால் கூடும் விளைச்சலில் எங்கள் பங்கை எழுதுங்கள். ஓய்வு பெறுபவருக்குச் சொந்த வீட்டுக்கு வழி செய்து, அதையும் எழுதுங்கள்.

வாய்ச்சொல் வேண்டா, எழுத்து வேண்டும். எழுத்து வேண்டுமெனில் ஒற்றுமை வேண்டும். ரப்பர்க் காட்டிலும் தேயிலை மலையிலும் சங்கத்தில் சேராத ஒவ்வொருவரிடமும் இந்தக் கணக்கை எடுத்துச் சொல்லுங்கள்.

உருள்வது சக்கரம். உருட்டுவது நாம்!