இளவரசியும் புகைப்படக்காரனும்

கொரிய நெறியாளர் ஹர் ஜின்-ஹோவின் ஆரம்பகாலப் படங்கள் வெறும் காதற் பெருமூச்சுக்கள் என்றும், 2016ல் வந்த 'கடைசி இளவரசி'யிலேதான் அவர் சரித்திரத்தை எதிர்கொண்டார் என்றும் கூறுவோர் நம்மிடையே உளர். இவர்கள் முழக்கத்தைக் கேட்டால் மட்டுமே சமுதாயத்தைக் காண்பவர்கள். உண்மை இதற்கு நேர்மாறானது.

'ஆகஸ்ட் மாதத்து நத்தார்' 1998 ஜனவரியில் திரைக்கு வந்தது. சர்வதேச நாணய நிதியத்துடன் கொரியா கடன் ஒப்பந்தம் செய்து இரண்டு மாதங்கூட ஆகவில்லை. அந்நெருக்கடியைப் பற்றிப் படத்தில் ஒரு சொல்லும் இல்லைத்தான். ஆனால் அதிலே நடமாடுவோர் யார்? சிறியதொரு புகைப்பட நிலையம் நடத்தும், சாவை எதிர்நோக்கிய ஒருவன். கொளுத்தும் வெயிலில் வாகனங்களுக்குத் தண்டச்சீட்டு எழுதித் திரியும் ஒரு பெண். தன் நோயை அவன் அவளிடம் சொல்வதில்லை. வீடியோ இயந்திரத்தை இயக்கத் தெரியாத கிழத் தந்தைக்குச் சொல்லிக்கொடுத்து, அவருக்கு விளங்காதபோது சினந்து எழுந்துபோகிறான். பின்னர், தான் இல்லாத நாட்களுக்காக அதனைப் படிப்படியாகக் காகிதத்தில் எழுதிவைக்கிறான். குடும்பத்துடன் வந்து படமெடுத்துப்போன கிழவி ஒருத்தி, மறுபடியும் தனியே, நல்லுடை உடுத்தி வருகிறாள். தன் மரணச் சடங்கில் வைக்கப்படப்போகும் படம் அழகாக இருக்கவேண்டுமாம். அழுகை இல்லை; பின்னணி வாத்தியங்களின் ஓலமும் இல்லை. இது சமுதாயமில்லையென்றால் வேறெது சமுதாயம்?

2001ல் வந்த 'வசந்தநாள் கழிகிறது' படத்தின் நாயகனும் ஓர் ஒலிப்பதிவாளன். மூங்கிற் காட்டின் காற்றோசையைப் பதிவு செய்வது அவன் தொழில். (2005ல் நட்சத்திர நடிகர் பே யொங்-ஜூனை வைத்தெடுத்த 'ஏப்ரல் பனி'யைப் பற்றிப் பேசாதிருப்பதே நெறியாளருக்கு நாம் செய்யும் மரியாதை.)

இனி இளவரசிக்கு வருவோம். மன்னன் கோஜொங்கின் மகள் டொக்ஹே 1925ல் ஜப்பானுக்குக் கொண்டுபோகப்பட்டாள், மனம் பேதலித்தாள், 1962லேயே தாயகம் திரும்பினாள். அவலத்துக்கு இது போதாதா? போதாதென்று கருதிய படம், கட்டாய வேலைக்குக் கொண்டுவரப்பட்ட கொரியத் தொழிலாளர் முன் அவளை நிறுத்தி உரையாற்ற வைக்கிறது. விடுதலைப் போராளிகளோடும் சேர்க்கிறது. சரித்திரத்தில் இதற்கு ஆதாரமில்லை. ஜப்பானிய அரசின் படியைப் பெற்று வாழ்ந்த அரச குடும்பத்துக்குத் தொழிலாளரின் துயரைக் கொண்டு மாலை தொடுத்திருக்கிறார்கள். ஐம்பது இலட்சத்துக்கு மேற்பட்டோர் அதனைப் பார்த்தனர்.

படம் முடிந்தபின், அத்தொழிலாளர் கூட்டத்தில் எவருடைய முகம் நம் நினைவில் நிற்கிறது? புகைப்பட நிலையத்துக்குத் திரும்பிவந்த கிழவியின் முகம் நிற்கிறது.